பெட்டியைத் திறந்து வைத்த தாய்: கறுப்பின இளையோர் புதினத்தில் துக்கத்தின் சாட்சி

ரிஸ்பாள் என்னும் தாய், கொல்லப்பட்ட தன் பிள்ளைகளின் உடல்களை ஆகாயத்துப் பறவைகளுக்கும் காட்டு மிருகங்களுக்கும் விட்டுவிடாமல், கன்மலையின்மேல் இரட்டு விரித்து இரவும் பகலும் காவலிருந்ததை இரண்டாம் சாமுவேல் 21ஆம் அதிகாரம் கூறுகிறது. அவள் பேசியதாக ஒரு வார்த்தையும் அங்கு எழுதப்படவில்லை. ஆயினும் அவள் அங்கே இருந்த செய்தி அரசன் தாவீதின் செவிக்கு எட்டிற்று. அதற்குப் பின்னரே அவ்வெலும்புகள் சேர்க்கப்பட்டன. துக்கமே சாட்சியாக நிற்கக்கூடும் என்பதற்கு அவள் முன்னடையாளம் எனலாம். இருபதாம் நூற்றாண்டில் இச்சாட்சி மற்றொரு தாயிடம் வெளிப்பட்டது. அவர் தொடங்கி வைத்ததை இன்று அமெரிக்காவின் இளையோர் புதினங்கள் தொடர்ந்து கூறிவருகின்றன. அவ்வரலாற்றையும், அது திருச்சபையிடம் எழுப்பும் கேள்வியையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

சிக்காகோவில் ஓர் அடக்க ஆராதனை

சிக்காகோ நகரச் சிறுவன் எம்மெட் டில் 14 வயதினன். 1955 ஆகஸ்டு மாதம் அவன் மிசிசிப்பி மாநிலத்தில் மனி என்னும் சிற்றூரிலிருந்த உறவினர் வீட்டிற்குச் சென்றான். அங்கு ஒரு கடையில் வெள்ளைப் பெண் ஒருவரிடம் முறைதவறி நடந்தான் என்று குற்றஞ்சாட்டப்பட்டு, ஆகஸ்டு 28 அன்று நள்ளிரவுக்குப் பின் இருவரால் இழுத்துச் செல்லப்பட்டான். மூன்று நாள் கழித்து டல்லஹாச்சி ஆற்றில் அவன் உடல் கிடைத்தது. பருத்தி ஆலையின் கனத்த இரும்பு விசிறி ஒன்று முள்கம்பியால் அவன் கழுத்தில் கட்டப்பட்டிருந்தது.

இங்கு நாம் கவனிக்கவேண்டியது காவல் அதிகாரத்தின் நடவடிக்கையாகும். அம்மாவட்டத்தின் ஷெரிப் அன்றே உடலைப் புதைத்துவிட முனைந்தார், குழியும் தோண்டப்பட்டது. அதைத் தடுத்து மகனைச் சிக்காகோவிற்குக் கொண்டுவரச் செய்தவர் தாய் மேமி டில். பெட்டியைத் திறக்கலாகாது என்ற நிபந்தனையோடு அது வந்து சேர்ந்தது. அவர் திறக்கச் செய்தார். உருக்குலைந்த அம்முகத்தை நேரில் கண்டபின், அடக்க ஆராதனையிலும் பெட்டி திறந்தே இருக்கவேண்டும் என்று தீர்மானித்தார். ராபர்ட்ஸ் டெம்பிள் ஆலயத்தில் செப்டம்பர் 3 முதல் பல்லாயிரம் மக்கள் அப்பெட்டியைக் கடந்து சென்றனர். ‘ஜெட்’ என்னும் கறுப்பினத்தார் வார இதழ் அம்முகத்தின் படத்தை வெளியிட்டது.

அதே செப்டம்பரில் சம்னர் நகரில் வழக்கு நடைபெற்றது. சிறுவனின் பாட்டனார் முறையினரான மோஸ் ரைட் என்பவர் பங்குக்குப் பயிரிடும் உழவர், பிரசங்கியாகவும் இருந்தவர். அவர் சாட்சிக்கூண்டில் எழுந்து நின்று, வெள்ளையரான குற்றவாளியை விரல் நீட்டி அடையாளம் காட்டினார். அந்நாளைய மிசிசிப்பியில் அச்செயலின் விலை உயிராகவும் இருந்திருக்கக்கூடும். பின்னர் அவர் அம்மாநிலத்தை விட்டே குடிபெயர்ந்தார். கிடைத்த உடல் அச்சிறுவனுடையதுதானா என்பதே ஐயம் என்று ஷெரிப் எதிர்த்தரப்புக்குச் சாட்சி கூறினார். பன்னிரு வெள்ளை ஆடவர் அடங்கிய நடுவர் குழு ஏறத்தாழ ஒரு மணி நேரத்தில் இருவரையும் விடுவித்தது. ஒரே குற்றத்திற்காக மறுமுறை விசாரிக்கப்படமாட்டோம் என்பதை அறிந்த அவ்விருவரும், 1956 சனவரியில் பணம் பெற்றுக்கொண்டு தம் கொலையை ஓர் இதழுக்குக் கூறினர்.

நீதிமன்றம் மூடிய இவ்வழக்கைத் திறந்து வைத்தது அப்பெட்டியே. அடுத்த தலைமுறையின் குடியுரிமைப் போராளிகள் பலர் அப்படத்தைக் கண்டதே தம் வாழ்வின் திருப்பம் என்று பின்னாளில் கூறினர். எம்மெட்டின் பெயரைத் தாங்கிய, கும்பல் கொலைக்கு எதிரான கூட்டாட்சிச் சட்டம் 2022இல்தான் கையொப்பமானது. இடையே சென்ற ஆண்டுகள் 67.

மிசிசிப்பியின் இரு மகள்கள்

மிசிசிப்பியின் தலைநகரான ஜாக்சனில் 1943இல் பிறந்த மில்ட்ரெட் டெய்லர், 1976இல் ‘ரோல் ஆப் தண்டர், ஹியர் மை க்ரை’ என்னும் புதினத்தை வெளியிட்டார். 1930களின் மிசிசிப்பியில் சொந்த நிலம் வைத்திருந்த ஒரு கறுப்பினக் குடும்பத்தை அது சித்திரிக்கிறது. கும்பல் ஒரு சிறுவனைத் தூக்கிலிட வரும் இரவில், அதைத் திசைதிருப்புவதற்காகத் தந்தை தம் பருத்திப் பயிருக்கே தீ வைக்கிறார். நூலின் இறுதியில் சிறுமி கேஸி அழுகிறாள்; அவ்வழுகைக்கு எளிய ஆறுதல் எதையும் ஆசிரியர் வழங்கவில்லை. இந்நூல் 1977இல் சிறார் இலக்கியத்தின் உயரிய பரிசான நியூபெரி பதக்கம் பெற்றது.

அதே ஜாக்சனைச் சேர்ந்தவர் ஆஞ்சி தாமஸ். 2009ஆம் ஆண்டின் முதல் நாள் ஓக்லண்ட் நகரின் ரயில் நிலையத்தில், ஆஸ்கர் கிராண்ட் என்னும் 22 வயது இளைஞர் தரையில் கிடத்தப்பட்ட நிலையில் ரயில் காவலர் ஒருவரால் சுடப்பட்டு இறந்தார். பயணிகளின் கைப்பேசிகள் அதைப் படம்பிடித்தன. அக்காலத்தில் பெல்ஹேவன் என்னும் கிறிஸ்தவக் கல்விக்கூடத்தில் மாணவியாயிருந்த தாமஸ் ஒரு சிறுகதை எழுதினார். அதுவே வளர்ந்து 2017இல் ‘தி ஹேட் யூ கிவ்’ என்னும் புதினமாயிற்று. காவலரால் சுடப்பட்ட தன் நண்பன் கலீலின் மரணத்திற்கு ஒரே சாட்சி ஸ்டார் என்னும் 16 வயதுப் பெண். காரின் கதவில் இருந்தது தலைவாரும் பிரஷ். காவலரோ அதைத் துப்பாக்கி என்று கொண்டார். கலீலின் அடக்க ஆராதனையிலேயே, அக்காவலர் கைதுசெய்யப்படப் போவதில்லை என்ற செய்தி சபையாருக்கு அறிவிக்கப்படுகிறது. ஸ்டார் எம்மெட்டின் படத்தை இணையத்தில் வெளியிட்டதே அவளுடைய வெள்ளைத் தோழியை விலகச் செய்தது என்பதையும் ஆசிரியர் கூறுகிறார். அறுபது ஆண்டுகளுக்குப் பின்னும் அம்முகத்தைக் காண மறுப்போர் உண்டு என்பதே இதன் பொருள்.

இவ்விரு நூல்களும் தனித்து நிற்பன அல்ல. ஜேசன் ரெனால்ட்ஸ் என்னும் கறுப்பினத்தவரும் பிரெண்டன் கைலி என்னும் வெள்ளையரும் சேர்ந்து 2015இல் எழுதிய ‘ஆல் அமெரிக்கன் பாய்ஸ்’, அடிபட்டவனும் அதைக் கண்டவனுமான இரு மாணவரை மாறிமாறிப் பேச வைக்கிறது. அதன் முடிவில் கூட்டம் தரையில் கிடக்க, காவலரால் கொல்லப்பட்டோரின் பெயர்கள் வாசிக்கப்படுகின்றன. 2018இல் வெளிவந்த ஜ்யூவல் பார்க்கர் ரோட்ஸின் ‘கோஸ்ட் பாய்ஸ்’ நூலில், பொம்மைத் துப்பாக்கி வைத்திருந்ததற்காகச் சுடப்பட்ட 12 வயதுச் சிறுவனின் ஆவியை எம்மெட்டின் ஆவி சந்திக்கிறது. 2014இல் கிளீவ்லண்ட் நகரில் அதே வயதுடைய டாமிர் ரைஸ் பொம்மைத் துப்பாக்கியோடு சுடப்பட்டதை அறிந்தோர்க்கு இக்கதை வெறும் கற்பனை அன்று.

எழும் மறுப்புகள்

இத்தகைய நூல்கள் இளம் உள்ளங்களுக்குத் தகுமா என்று கேட்போர் உண்டு. அமெரிக்க நூலகச் சங்கம் ஆண்டுதோறும் வெளியிடும், மிகுதியாக எதிர்க்கப்பட்ட நூல்களின் பட்டியலில் தாமஸின் நூல் 2017, 2018, 2020, 2021 ஆகிய ஆண்டுகளில் இடம்பெற்றது. காவலர் அனைவரையும் பகைக்கக் கற்பிக்கிறது என்பதும் ஒரு குற்றச்சாட்டு. இம்மறுப்புகளைப் புறக்கணித்தல் நேர்மையன்று. ஆனால் நூல்களைப் படித்தோர் அறிவர்: ஸ்டாரை வளர்த்தவருள் ஒருவரான மாமன் கார்லோஸ் காவலரே, ரெனால்ட்ஸின் நூலில் அடிபட்ட மாணவனின் தந்தையும் முன்னாள் காவலரே. அவரும் ஒருகால் நிராயுதபாணியான இளைஞனைச் சுட்டவர் என்பதை மகன் அறியவருகிறான். தீமை சில தீயவர்க்குள் அடங்கியதன்று, நல்லவரையும் ஆட்கொள்ளும் அமைப்பாகும் என்ற உண்மை இங்கு வெளிப்படுகிறது. நம் இறையியல் இதைப் பாவத்தின் வல்லமை என்று சொல்லும். வயதைப் பொறுத்தவரை, எம்மெட்டுக்கு வயது 14, டாமிருக்கு 12. ஆபத்து அவர்களை அடையும் வயதில், அதைப்பற்றிய சொல் மட்டும் அடையலாகாது என்பது எங்ஙனம்?

திருச்சபைக்கு எழும் கேள்வி

கறுப்பினத் திருச்சபையில் பிறந்த இறையியலாளர் ஜேம்ஸ் கோன், 2011இல் வெளியிட்ட ‘தி கிராஸ் அண்ட் த லிஞ்சிங் ட்ரீ’ என்னும் நூலில் ஒரு குறையை எடுத்துக்காட்டினார். சிலுவையைப்பற்றி இவ்வளவு எழுதிய வெள்ளை இறையியலாளர், தம் நாட்டு மரங்களில் தொங்கிய உடல்களையும் அச்சிலுவையையும் இணைத்துக் காணவில்லை என்பதே அது. கல்வியற்றோர் அல்லர் அவர்கள், காண விரும்பாதவர்கள். மேமி டில்லோ ஓர் ஆலயத்தின் நடுவிலேயே அவ்விரண்டையும் இணைத்துக் காட்டினார். அடக்க ஆராதனையை அவர் விட்டுவிடவில்லை. அதன் உண்மையான பயனை அதற்குத் திருப்பித் தந்தார்.

போதகராகிய நாம் அடக்க ஆராதனைகளில் அடிக்கடி செய்வது யாது? பெட்டியை விரைந்து மூடுகிறோம். தேவ சித்தம் என்ற சொல்லையும் விரைந்து சொல்லிவிடுகிறோம். இயற்கையான மரணத்தில் அது ஆறுதலாகலாம். அநியாயமாய்க் கொல்லப்பட்டவன் அருகிலோ, அச்சொல் ஷெரிப் தோண்டச் செய்த குழியின் வேலையைச் செய்துவிடக்கூடும். ராகேல் தன் பிள்ளைகளுக்காக அழுது ஆறுதலை ஏற்க மறுத்ததை எரேமியா பதிவு செய்தார். மத்தேயு அதை இயேசுவின் பிறப்பு வரலாற்றிலேயே மறுபடி எழுதினார். அவ்விருவரும் அவளைக் கடிந்துகொள்ளவில்லை. உயிர்த்தெழுந்த ஆண்டவரும் தம் காயங்களை மறைக்காமல் தோமாவுக்குக் காட்டினார். ஆகவே காயத்தைக் காட்டுவது விசுவாசக் குறைவு அன்று. உயிர்த்தெழுதலை நம்புவோரே அச்சமின்றிக் காட்டக்கூடும்.

நம் ஒப்பாரியைப் பிரசங்கபீடம் இழந்துவிட்டால் இளையோர் அதைப் புதினங்களில் தேடிக் கண்டுகொள்வர். அதில் தவறில்லை. ஆனால் அவர்கள் படித்துவிட்டு ஆலயத்திற்கு வரும்போது, தாங்கள் கண்ட உண்மையை அங்கும் காண்பார்களா என்பதே கேள்வி. மேமி டில் 2003 சனவரியில் மரித்தார். அவர் மகனின் பெட்டி இன்று வாஷிங்டனில் அமெரிக்க அரசின் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அருங்காட்சியகம் அதைப் பாதுகாத்து வைக்கலாம். ஆனால் அதன் அருகில் நின்று அழுவோரோடு அழுவது சபையின் ஊழியமாகும். அவ்வூழியத்தை வேறெவரிடமும் நாம் ஒப்படைத்துவிட முடியாது.