ஐம்பது மைல்

பெண்கள் பெட்டியை யார் கொடுத்தது என்று வகுப்பில் ஒருமுறை கேட்டேன். “கவர்மென்ட்தான் மேடம்” என்றார்கள் மாணவிகள். எந்த கவர்மென்ட் என்றதற்குப் பதில் இல்லை.

1890ஆம் ஆண்டின் இந்திய ரயில்வே சட்டம், 64ஆம் பிரிவு. பயணிகளை ஏற்றிச் செல்லும் ஒவ்வொரு ரயிலிலும், அதிலிருக்கும் கடைசி வகுப்பில், பெண்களுக்கென்று ஒரு கம்பார்ட்மென்டாவது ஒதுக்க வேண்டும். 1891 ஜனவரி 1 முதல் இது கட்டாயம். வெள்ளை அரசுக்குப் பெண் விடுதலையில் அக்கறை இருந்ததென்று நான் நம்பவில்லை. அந்நிய ஆணோடு ஒரே பலகையில் உட்காரவைக்கத் தயங்கிய குடும்பங்களின் டிக்கெட் காசும் அதற்கு வேண்டியிருந்தது. ஒதுக்கிவைப்பதற்காக வந்த இடம். அதற்குள் உட்கார்ந்து நாம் படித்தோம், பூக் கட்டினோம், கீரை ஆய்ந்தோம், சீட்டுப் பணம் கட்டினோம், அழுதோம்.

அதே பிரிவின் இரண்டாவது வரியைத்தான் நான் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். ரயில் ஐம்பது மைலுக்கு மேல் ஓடுவதானால் அந்தப் பெண்கள் கம்பார்ட்மென்டில் கழிப்பிடம் இருக்க வேண்டும். மாதவிடாய், கர்ப்பம் எதையும் வாய்விட்டுச் சொல்லாத காலம். ஆனாலும் பெண்ணுடல் எவ்வளவு தூரம் அடக்கிக்கொண்டு போகும் என்று யாரோ ஒருவர் மைல் கணக்கில் யோசித்திருக்கிறார்.

1931 மே 11 அன்று சென்னைக் கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே மீட்டர்கேஜ் பாதையில் மின்ரயில் ஓடத் தொடங்கியது. முப்பது கிலோமீட்டருக்கும் குறைந்த தூரம், இருபது மைல்கூட இல்லை. சட்டத்தின் கணக்குக்குள் அது வரவே இல்லை. பிறகு பாதை அகலமானது, பெட்டிகள் கூடின, வண்டிகள் செங்கல்பட்டுக்கும் அதைத் தாண்டிக் காஞ்சிபுரம், திருமால்பூர் வரைக்கும் நீண்டன. கழிப்பிடம் மட்டும் வரவில்லை.

1984இல் தாம்பரம் சானடோரியத்தில் ஏற்றுமதி வளாகம் வந்தது. மெப்ஸ் என்றால்தான் எல்லோருக்கும் தெரியும். காசநோய் மருத்துவமனையால் பெயர் பெற்ற அந்த நிலையத்தில் இன்று காலை வேளையில் இறங்குகிறவர்களில் பலர் அங்கே வேலைக்குப் போகும் பெண்கள்.

அப்படிப் போகும் ஒருவர் எனக்குப் பழக்கம். நான் கூடுவாஞ்சேரியில் ஏறும்போது அவர் காஞ்சிபுரத்திலிருந்து வந்துகொண்டிருப்பார். எனக்குச் சிறுநீர்த் தொற்று வந்து, நிறையத் தண்ணீர் குடிக்கச் சொல்லி டாக்டர் திட்டியதைச் சொன்னபோது சிரித்தார். “ரயில்ல வர்ற நாம எங்க மேடம் குடிக்கிறது? நான் வீட்ல எழுந்ததுல இருந்து ஒரு வாய் குடிக்க மாட்டேன்.” ஒரு நிலையத்தில் பூட்டிக் கிடந்த கழிப்பறைக்குச் சாவி கேட்டு, டிக்கெட் வரிசையில் நின்ற அத்தனை ஆண்களுக்கும் கேட்கும்படி “யாருக்கு, எதுக்கு?” என்று விசாரிக்கப்பட்ட கதையை நானும் சொன்னேன். முனைவர் பட்டம் அந்த இடத்தில் உதவவில்லை.

அவரிடம்தான் பழைய சட்டத்தைப் பற்றிச் சொன்னேன்.

“நான் வர்றது எத்தன மைல் மேடம்?”

“நாற்பதுக்குக் கொஞ்சம் மேல.”

“அப்ப எனக்குக் கிடையாதா?”

“உங்க தூரத்த அதுல பாக்கல. வண்டி ஓடுற தூரத்தத்தான் பாத்தாங்க. இந்த வண்டி பீச் வரைக்கும் ஐம்பதத் தாண்டிப் போகுது.”

“இப்ப அந்தச் சட்டம் இருக்கா?”

இல்லை. 1989இல் வந்த புதிய ரயில்வே சட்டத்தின் 58ஆம் பிரிவு, பெண்களுக்கு ஒரு கம்பார்ட்மென்டோ, நிர்வாகம் தகுந்ததென்று கருதும் அளவு இருக்கைகளோ ஒதுக்கச் சொல்கிறது. கடைசி வகுப்பு என்ற சொல் அதில் இல்லை. ஐம்பது மைலும் இல்லை, கழிப்பிடமும் இல்லை. அத்துமீறி ஏறும் ஆணுக்கு ஐந்நூறு ரூபாய் வரை அபராதம் என்று வேறொரு பிரிவு உண்டு. பாதுகாப்பு என்றால் ஆணைத் தடுப்பது என்ற அளவில் சுதந்திர இந்தியா நிறுத்திக்கொண்டது.

“எடுத்தவங்க யாருமே கேக்கலயா மேடம்?” என்றார்.

சானடோரியம் வந்துவிட்டது. பையைத் தோளில் மாட்டிக்கொண்டு கூட்டத்தோடு இறங்கினார். பக்கவாட்டுப் பையில் தண்ணீர் பாட்டில் கழுத்துவரை நிரம்பியிருந்தது.