முடி துறத்தலும் முடி பறித்தலும்

அரசர் முடி துறந்தார் என்று வரலாற்று நூல்கள் ஒரே சொல்லால் கூறிச் செல்கின்றன. அச்சொல்லுக்குள் இருவேறு செயல்கள் அடங்கிக் கிடப்பதை நாம் உணர வேண்டும். ஒன்று, தம் கையால் தாமே இறக்கி வைத்தல். மற்றொன்று, பிறர் பறித்துக்கொண்டு, கொடுத்ததாகக் கையொப்பம் பெறுதல்.

முதல் வகைக்கு இமாம் ஹஸன் (ரலி) அவர்களே சான்று. தந்தையார் அலீ (ரலி) அவர்கள் ஹிஜ்ரி 40இல் கொல்லப்பட்டபின் கூபா மக்கள் அன்னாருக்கு பைஅத் செய்தனர். எதிரே முஆவியா (ரலி) அவர்களின் சிரியாப் படை நின்றது. ஏறத்தாழ ஆறு திங்கள் ஆண்ட அன்னார், முஸ்லிம்களின் குருதி முஸ்லிம்களாலேயே சிந்தப்படலாகாது எனக் கருதி, உடன்படிக்கை செய்து கிலாஃபத்தை விட்டுக்கொடுத்தார்கள். ஹிஜ்ரி 41ஆகிய (கி.பி. 661) அவ்வாண்டை 'ஆமுல் ஜமாஅத்', அதாவது ஒன்றுபட்ட ஆண்டு, என முன்னோர் அழைத்தனர்.

இரண்டாம் வகையை அறியத் தொலைதூரம் செல்ல வேண்டுவதில்லை. நம் திண்டுக்கல் சீமையே போதும். 1772இல் ஆர்க்காட்டு நவாப் முஹம்மது அலீயின் படையும் கிழக்கிந்தியக் கம்பெனியின் படையும் சேர்ந்து சிவகங்கையைக் கைப்பற்றின. மன்னர் முத்துவடுகநாதர் காளையார்கோயிலில் வீழ்ந்தார். அரசி வேலு நாச்சியார் திண்டுக்கல்லை அடுத்த விருப்பாச்சியில் அடைக்கலம் புகுந்தார். அப்போது இச்சீமை மைசூர் ஹைதர் அலீயின் ஆட்சியில் இருந்தது. ஹைதரின் துணையோடு, ஏறத்தாழ எட்டாண்டுகளுக்குப் பின் 1780இல் அரசி தம் நாட்டை மீட்டார். போனது போகட்டும் என அவர் அமைந்திருந்தால், அதனைத் துறவு என்று எவர் போற்றுவார்?

காலச் சக்கரம் சுழன்றது. 1801 ஜூலையில் முஹம்மது அலீயின் மகன் உம்தத்துல் உமரா காலமானார். நாட்டின் நிருவாகம் முழுவதையும் தம்மிடம் ஒப்படைக்குமாறு கம்பெனியார் அவர் மகன் அலீ ஹுசைனிடம் கேட்டனர். அவர் மறுத்தார், பட்டத்தை இழந்தார். முஹம்மது அலீயின் மற்றொரு பேரர் அஸீமுத்தௌலா இசைந்தார். ஜூலை 31இன் உடன்படிக்கைப்படி அவருக்கு நவாப் பட்டமும் வருவாயில் ஐந்தில் ஒரு பங்கும் கிடைத்தன. கர்நாடகம் கம்பெனிக்குச் சென்றது. அன்று பிறர் நாட்டைப் பறிக்கத் துணைக்கு அழைக்கப்பட்ட கரமே, பின்னர் அழைத்தவர் வீட்டையும் பறித்தது.

ஆகவே, விட்டவரின் பெருமையை விட்ட பதவியின் அளவால் அளத்தல் கூடாது. அதனால் பிழைத்தவர் யார் என்று கேட்டல் வேண்டும். இமாம் அவர்கள் விட்டதால் இரு படைகளின் மக்களும் உயிரோடு வீடு திரும்பினர். 1801இல் விட்டதால் செழித்தது கம்பெனியின் கருவூலம் ஒன்றே.