கண்டியில் எழுதப்பட்ட கெய்ரோ கதை

இலங்கையின் முதல் தமிழ் நாவலை எழுதியவர் எங்கட கண்டிக்காரர். ஆனால் அந்த நாவலில் கண்டி இல்லை.

அறிஞர் சித்திலெப்பை 1838இல் கண்டியில் பிறந்தவர், தொழிலில் வழக்கறிஞர். 1885இல் அவர் வெளியிட்ட கதையை இன்று 'அசன்பே சரித்திரம்' என்கிறோம். கெய்ரோவில் பிறந்த பிள்ளை களவு போகுது. பம்பாயில் வளருது, கல்கத்தா போகுது, கடைசியில் எகிப்துக்கே திரும்புது. மகாவலியும் இல்லை, மலையும் இல்லை.

அப்போ இரவல் சரக்கா? கண்டியிலிருந்து எழுத வந்தால் தேயிலையையும் பெரஹராவையும் எழுது, அதுதான் அசல் என்று எங்களுக்கும் சொல்கிறார்கள். சொந்த மண்ணை எழுதித்தான் மலையக இலக்கியம் நிமிர்ந்தது, அதில் எங்களுக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அந்த ஒரே அளவுகோலால் சித்திலெப்பையை அளக்க முடியாது.

1882இல் எகிப்தில் அரபி பாஷாவின் எழுச்சியைப் பிரிட்டிஷ் படை நசுக்கியது. அதே வருஷக் கடைசியில் சித்திலெப்பை 'முஸ்லிம் நேசன்' பத்திரிகையைத் தொடங்கினார். அடுத்த மாதமே, 1883 ஜனவரியில், அரபி பாஷா நாடுகடத்தப்பட்டு கொழும்பில் வந்து இறங்கினார். முஸ்லிம் பிள்ளைகளின் கல்விக்காக இருவரும் சேர்ந்தே உழைத்தார்கள். ஆக, சித்திலெப்பைக்கு எகிப்து ஆயிரத்தொரு இரவுகளில் வரும் கற்பனை தேசம் இல்லை. அது பத்திரிகைச் செய்தி, பக்கத்தில் உட்கார்ந்து பேசும் மனுஷன். தன் காலத்தில் தன் மனசை உண்மையில் பிடித்து வைத்திருந்ததைத்தான் அவர் எழுதினார். அரபி பாஷா கண்டிக்குக் குடிவந்தது 1892இல்தான். நாவல் அதற்கு ஏழு வருஷம் முந்தியது.

களவு போன பிள்ளை பெற்றோரிடம் திரும்பும் கதை உலகம் பூரா உள்ள பழைய கதைதான். புதுசு அதில் இல்லை. வேதநாயகம் பிள்ளையின் 'பிரதாப முதலியார் சரித்திரம்' வந்தது 1879இல். ஆறே வருஷ வயசுள்ள ஒரு வடிவம், பார்த்து எழுதவும் பெரிசாக ஒன்றும் கிடையாது. செய்யுளின் செல்வாக்கு குறையாத காலத்தில், தன் காலத்து உலகத்தை உரைநடைக் கதையாக்கியதுதான் அவருடைய துணிச்சல்.

எங்களுக்கு ஒரு ஏக்கம் மட்டும் இருக்கு. கண்டி நீதிமன்றத்தில் எத்தனை பேருடைய வழக்கைக் கேட்டிருப்பார்! கடைக்காரர், காணிக்காரர், தோட்டத்து ஆட்கள். அவர்களை வைத்து அவர் இன்னொரு நாவல் எழுதியிருக்கலாம்.