ஊடுருவும் சிகிச்சை

ஊடு என்றால் உள், நடு. உருவு என்றால் துளைத்துச் செல்லுதல். அம்புக்கும் வேலுக்கும் வழங்கிய சொல் இப்போது ஆஸ்பத்திரிக்கு வந்திருக்கிறது. தோலைத் துளைத்தோ, உடலின் திறப்பு வழியாகவோ கருவி உள்ளே போனால் அது ஊடுருவும் முறை. வலி இதற்கு அளவுகோல் அல்ல. கையில் பட்டை சுற்றி பிரஷர் பார்ப்பது, எவ்வளவு இறுக்கினாலும், ஊடுருவாதது. தீவிர சிகிச்சைப் பிரிவில் மணிக்கட்டுத் தமனிக்குள் மெல்லிய குழாய் செருகி அதே அழுத்தத்தை அளந்தால் ஊடுருவுவது. முழங்கை மடிப்பில் ஊசி குத்தி இரத்தம் எடுப்பது? சிறியதுதான், ஆனாலும் ஊடுருவலே. சித்த மருத்துவமோ குருதி வாங்கலையும் அட்டை விடலையும் 32 புறமருத்துவ வகைகளில் சேர்க்கிறது. அங்கே கணக்கு வேறு. ‘ஊடுருவாத பரிசோதனை’ என்று யாராவது சொன்னால், ஊசி உண்டா என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள்.