படுத்துவிட்ட கோடு

சியோலில் துணி ஆலை நடத்திய பணக்காரக் குடும்பத்தில் 1932-இல் பிறந்தவர் நாம் ஜுன் பைக். 1950-இல் கொரியப் போர் மூண்டதும் குடும்பம் ஊரைவிட்டுக் கிளம்பியது. ஹாங்காங் வழியாக ஜப்பான் சேர்ந்தார்கள். டோக்கியோ பல்கலைக்கழகத்தில் ஷோன்பெர்க்கின் இசையை ஆராய்ந்து பட்டம் வாங்கிய பைக், 1956-இல் மேற்படிப்புக்காக ஜெர்மனி போனார். நல்ல இசையமைப்பாளராக நிலைத்திருப்பார். ஆனால் 1958-இல், டார்ம்ஸ்டாட் நகரில், ஜான் கேஜைச் சந்தித்தார்.

எந்த ஓசையும் இசையே என்றவர் கேஜ். அந்தச் சந்திப்பு பைக்கைப் புரட்டிப் போட்டது. 1960-இல் கொலோனில் பியானோ வாசித்துக்கொண்டிருந்தவர் திடீரென எழுந்தார். கூட்டத்துக்குள் புகுந்து, கேஜின் கழுத்து டையைக் கத்தரித்தார். தலையில் ஷாம்பூவைக் கொட்டினார். வெளியே போய்விட்டார். சபை திகைத்து உட்கார்ந்திருக்க, தொலைபேசி அடித்தது. நிகழ்ச்சி முடிந்தது என்று சொல்லக் கூப்பிட்டவர் பைக்கேதான்! இந்தக் கலகக்காரர் அடுத்து ஒரு ரகசிய வேலையில் இறங்கினார்.

கொலோனுக்கு வெளியே ஓர் இடத்தை வாடகைக்குப் பிடித்து, பழைய டிவி பெட்டிகளைக் கொண்டுவந்து இறக்கினார். எலக்ட்ரானிக்ஸ் பாடப்புத்தகங்களைப் படித்துப் படித்து அவற்றின் சர்க்யூட்களை நோண்டினார். பியானோ கம்பிகளைப் போல மின்னலைகளையும் மீட்ட முடியும் என்று அவர் நம்பியது வீண்போகவில்லை. 1963 மார்ச்சில், வூப்பர்டால் நகரின் பர்னாஸ் கலைக்கூடத்தில் 13 பெட்டிகளை வைக்க ஏற்பாடானது. ஆனால் வண்டியில் வந்த வழியில் ஒரு பெட்டி அடிபட்டுவிட்டது.

பிக்சர் ட்யூபில் மின்கற்றை இடம் வலமாகவும் மேலிருந்து கீழாகவும் ஓடினால்தான் படம் விரியும். மேல்கீழ் ஓட்டம் நின்றால் மொத்தப் படமும் நடுவில் ஒற்றைக் கோடாகப் படுத்துவிடும். அடிபட்ட பெட்டியிலும் அந்த ஒரு கோடுதான் மிச்சம். வேறு யாராக இருந்தாலும் மூலையில் ஒதுக்கியிருப்பார்கள். பைக் பெட்டியைப் பக்கவாட்டில் சாய்த்து நிறுத்தினார். படுத்திருந்த கோடு நெட்டுக்குத்தாக எழுந்து நின்றது. ‘டிவிக்கு ஜென்’ என்று பெயர் வைத்தார். இன்னொன்று வேலையே செய்யவில்லை. அதைத் திரை தரையைப் பார்க்கக் கவிழ்த்துவைத்து, அதையும் காட்சிப்பொருளாக்கினார்.

ஒளிபரப்பு இருந்த மாலை வேளையில்தான் காட்சி. வாசலில் தொங்கிய ரத்தம் காயாத எருதுத் தலையைத் தாண்டித்தான் உள்ளே போக வேண்டும். ஒரு மாலையில் ஜெர்மன் கலைஞர் யோசெஃப் பாய்ஸ் வந்து, அங்கிருந்த பியானோக்களில் ஒன்றைக் கோடரியால் பிளந்தார். பேச்செல்லாம் அந்தக் களேபரத்தைப் பற்றித்தான். அறையில் மினுங்கிய திரைகளில் புதிதாக ஒரு கலை பிறந்திருந்ததை அன்றைக்குக் கவனித்தவர்கள் குறைவு.

இன்று எந்த நவீனக் கலைக்கூடத்திலும் சாதாரணமாகப் பார்க்கிற வீடியோ கலைக்கு அதுதான் பிள்ளையார்சுழி. பைக் பிறகு டோக்கியோவில் ஷூயா அபே என்ற பொறியாளரோடு சேர்ந்து ரோபோ செய்தார். நியூயார்க் போய் டிவியின் தலையில் காந்தத்தை வைத்துப் படத்தை நெளியவிட்டார். 1988-இல், தன் சொந்தக் கொரியாவின் குவாச்சன் அருங்காட்சியகத்தில் 1003 டிவிகளைக் கோபுரமாக அடுக்கினார். ட்யூப்கள் தேய்ந்து 2018-இல் அது அணைக்கப்பட்டது. 737 பெட்டிகளைப் பழுதுபார்த்து, 266-க்கு எல்சிடி திரை பொருத்தி, 2022-இல் மறுபடியும் ஒளியேற்றினார்கள்.