கடலைச் சாறும் ரோஜாக்கும்: ஒரு சாலட் டிரஸ்ஸிங்கின் வரலாறு

ரோஜாக் என்பது காய், பழம், பொரித்த பண்டம் ஆகியவற்றைப் புளிப்பும் இனிப்பும் உறைப்பும் கூடிய கெட்டியான சாற்றில் புரட்டியோ தொட்டோ உண்ணும் தென்கிழக்காசியச் சாலட். சாவக மொழியில் இதன் பெயர் ருஜாக். மாதரம் அரசின் காலத்தைச் சேர்ந்த தாஜி சாசனத்திலேயே (கி.பி. 901) ‘ருருஜாக்’ என்ற சொல் வருகிறது. மலாயில் இச்சொல்லுக்குக் ‘கலவை’ என்ற பொருளும் உண்டு. பல மொழிச் சொற்களைக் கலந்து பேசும் பேச்சை அங்கே ‘பஹாசா ரோஜாக்’ என்பார்கள்.

இத்தகைய சாலட்டுகளின் உயிர் காயில் இல்லை, அதன் மேல் ஊற்றும் சாற்றில் இருக்கிறது. ஆங்கில வழியில் டிரஸ்ஸிங் எனப்படும் அந்தச் சாறு இன்று கோயம்புத்தூரின் பல்பொருள் அங்காடிகளில் கண்ணாடிப் புட்டியில் அடைத்து விற்கப்படுகிறது. விலையும் புட்டியின் அழகுக்குத் தக்கபடியே இருக்கிறது. ஆனால் சிங்காநல்லூர் உழவர் சந்தையிலும் பக்கத்து மளிகைக் கடையிலும் ஒரு சுற்று வந்தால் அதற்கு வேண்டிய பொருள்கள் ஒன்றைத் தவிர எல்லாம் பைக்குள் வந்துவிடும். விடுபடும் அந்த ஒன்று, புளிக்கவைத்த மீன் அல்லது இறால். அதை எடுத்துவிட்டு இந்தச் சாற்றை வேறு வழியில் நிறைவாக்கியவர்கள் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் குடியேறிய தமிழ் முஸ்லிம்கள். எனவே இதன் வரலாற்றில் ஒரு பகுதி தமிழர் வரலாறும் ஆகும்.

உப்பும் மீனும்

தாய்லாந்தின் ‘நாம் பிளா’, வியட்நாமின் ‘நுவொக் மாம்’ இரண்டும் மீன்சாறுகள். நெத்திலி போன்ற சிறு மீன்களை உப்போடு அடுக்கி, மாதக்கணக்கில் புளிக்கவிட்டு, கசியும் நீரை வடித்து எடுப்பார்கள். மலாய் நாட்டில் இறாலை உப்பிட்டு அரைத்து உலர்த்திய பெலாச்சான் அந்த இடத்தைப் பிடிக்கிறது. சாவகத்தில் அதற்குத் தெராசி என்று பெயர். இந்தச் சாறுகளில் உப்பாகச் சேர்வது வெறும் உப்பு அல்ல. புளித்த மீனின் புரதம் உடைந்து தரும் ஆழமான சுவையும் அதோடு சேர்கிறது.

மீன்சாறு தமிழ் நிலத்துக்கு அடியோடு அந்நியமானதும் அல்ல. ரோமானியர்கள் ‘காரும்’ என்ற மீன்சாற்றைப் பெரிதும் விரும்பினார்கள். புதுச்சேரிக்கு அருகே அரிக்கமேட்டில் கிடைத்த ஆம்போரா ஜாடிச் சில்லுகளில் மதுவும் ஆலிவ் எண்ணெயும் ஏற்றிவந்த வகைகளோடு, காரும் ஏற்றிவந்த வகையும் அடையாளம் காணப்பட்டிருக்கிறது. அதே ரோமானிய வணிகத்தின் தடம் கொங்கிலும் உண்டு. சிங்காநல்லூருக்கு அருகே நொய்யல் கரையிலுள்ள வெள்ளலூரில் 1842-இல் ரோமானிய வெள்ளிக் காசுப் புதையல் கிடைத்தது. இருந்தும் மீன்சாறு தமிழ்ச் சமையலில் வேர் பிடிக்கவில்லை. வெயில் தாராளமாக உள்ள கடற்கரையில் மீனைக் கருவாடாக்குவது எளிது, அது உள்நாட்டுச் சந்தைக்குச் சிந்தாமல் வந்துசேரும். கொங்குச் சந்தைகளில் கடலின் உப்பு கருவாடாகத்தான் வந்தது, சாறாக அல்ல.

உறைப்பு, இனிப்பு, புளிப்பு

மிளகாய் அமெரிக்கக் கண்டத்துச் செடி. ஐரோப்பியக் கப்பல்கள் அதைக் கொண்டுவருவதற்கு முன் தமிழரும் சாவகரும் உறைப்புக்கு மிளகையும் திப்பிலியையும் நம்பியிருந்தார்கள். புதிய காய்க்குத் தமிழர் பழைய மிளகின் பெயரையே ஒட்டுப்போட்டு மிளகாய் என்றார்கள். தாய் மொழியிலும் இதே கதைதான். ‘பிரிக்’ என்ற சொல்லை மிளகாய் பறித்துக்கொள்ள, மிளகு ‘பிரிக் தாய்’, அதாவது தாய்நாட்டுப் பிரிக், என்று அடைமொழியோடு நிற்க வேண்டியதாயிற்று.

புளியின் பெயர்களும் வேடிக்கையானவை. ஆப்பிரிக்காவில் தோன்றிய மரம் அது. அரேபியர் அதை இந்தியப் பேரீச்சை என்றார்கள். ‘டாமரிண்ட்’ என்ற ஆங்கிலப் பெயர் அதிலிருந்து வந்தது. மலாய்க்காரர்களோ ‘ஆசாம் ஜாவா’, அதாவது சாவகப் புளி, என்கிறார்கள். யாருக்கும் அது சொந்த ஊர்ச் சரக்காகத் தோன்றவில்லை.

இனிப்பில்தான் கோயம்புத்தூருக்கு நேரடிப் பங்கு இருக்கிறது. தாய்லாந்திலும் மலாய் நாட்டிலும் இச்சாறுகளுக்குப் பனை, தென்னை வெல்லமே மரபு. மலாக்காவின் பெயரால் ‘குலா மலாக்கா’ என்று வழங்குவது தென்னை வெல்லம். ஆலைச் சர்க்கரை பரவிய பின் அது வெல்லத்தின் இடத்தைப் பங்குபோட்டது. 20-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் இந்தியா பெருமளவு சர்க்கரையைச் சாவகத்திலிருந்து இறக்குமதி செய்துகொண்டிருந்தது. இந்தியாவின் மெலிந்த கரும்புகள் அதோடு போட்டியிட முடியவில்லை. 1912-இல் கோயம்புத்தூரில் கரும்பு இனப்பெருக்க நிலையம் தொடங்கப்பட்டது. சி. ஏ. பார்பரும் டி. எஸ். வெங்கட்ராமனும் பருத்த கரும்போடு காட்டு நாணற்கரும்பை இணைத்து உருவாக்கிய கோ 205 என்ற வகை 1918-இல் சாகுபடிக்கு வந்தது. பின்னர் வந்த கலப்புகளில் சாவகத்தின் பி.ஓ.ஜே. வகைகளும் பெற்றோராகப் பயன்பட்டன. கோ வகைகளின் விளைச்சலும் 1932-இன் சர்க்கரைத் தொழில் பாதுகாப்புச் சட்டமும் சேர்ந்து சாவகச் சர்க்கரையை இந்தியச் சந்தையிலிருந்து வெளியேற்றின. அப்படியிருக்க, நாட்டுச்சர்க்கரை போட்ட சாறு அசல் இல்லை என்று யாரும் கூச வேண்டியதில்லை.

மணிலாவிலிருந்து வந்த கொட்டை

சாவகத்தின் காடோ-காடோ, சாத்தே, மலாய் நாட்டின் ரோஜாக் ஆகியவற்றை அடையாளப்படுத்துவது நிலக்கடலை. அதன் பிறப்பிடம் தென் அமெரிக்கா. 1565 முதல் 1815 வரை மெக்சிகோவின் அகபுல்கோவுக்கும் பிலிப்பீன்சின் மணிலாவுக்கும் இடையே ஸ்பானியக் கப்பல்கள் ஓடின. கடலை கிழக்காசியாவுக்குள் நுழைந்த வாசல்களில் மணிலாவும் ஒன்று. வட தமிழகத்தில் அது மணிலாக்கொட்டை என்றும் பேச்சில் மல்லாட்டை என்றும் வழங்குவது இந்தத் தொடர்பைக் காட்டும். கொங்கில் கடலைக்காய். இலங்கைத் தமிழர் சொல்லும் ‘கச்சான்’, மலாய்ச் சொல்லான ‘காச்சாங்’கை நினைவூட்டுகிறது.

கொங்கு அடுக்களையில் கடலை எண்ணெயாக, சட்னியாக, பொரியலின் மேல் தூவும் பொடியாக, வெல்லத்தோடு உருண்டையாகப் புழங்குகிறது. புளியோடும் வெல்லத்தோடும் கெட்டியான சாறாகக் கொதிக்கவைப்பதுதான் புதிது. அதற்கு ஒரு கடல் தாண்ட வேண்டியிருந்தது.

பினாங்கின் பசெம்பூர், சிங்கப்பூரின் இந்திய ரோஜாக்

ஆங்கிலேயர் 1786-இல் பினாங்கையும் 1819-இல் சிங்கப்பூரையும் துறைமுகங்களாக்கியபோது தமிழ் முஸ்லிம் வணிகர்களும் உழைப்பாளிகளும் அங்கே குடியேறினார்கள். பினாங்கின் கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் 1801-இல் எழுந்தது. கடையநல்லூர், தென்காசிப் பகுதியிலிருந்து சென்றவர்கள் சிங்கப்பூரில் தனிச் சமூகமாகவே வளர்ந்தார்கள். உணவுக் கடை நடத்திய இம்மக்களை மலாய்க்காரர்கள் ‘மாமாக்’ என்று அழைத்தனர். தமிழின் ‘மாமா’தான் அது.

இவர்கள் கையில் ரோஜாக் வேறு உருவம் எடுத்தது. சீனர் விற்கும் பழ ரோஜாக்கில் கறுத்த இறால் விழுது ஊறும். மலாய் ரோஜாக்கில் பெலாச்சான் மணக்கும். தமிழர் ரோஜாக்கின் சாற்றில் பொதுவாக இரண்டும் இல்லை. வேகவைத்து மசித்த சக்கரைவள்ளிக் கிழங்கு, வறுத்து இடித்த கடலை, காய்ந்த மிளகாய், புளி, சர்க்கரை ஆகியவைதான் அதன் உடல். இறால் வடையும் பொரித்த மாவுத் துண்டுகளும் அவித்த உருளைக்கிழங்கும் முட்டையும் தட்டில் வர, பக்கத்தில் வெள்ளரியும் வெங்காயமும் பச்சை மிளகாயும், நடுவில் செம்மஞ்சள் நிறச் சாறு. பினாங்கில் இதையே பசெம்பூர் என்பார்கள். அங்கே காய்களைத் துருவிப் பரப்பிச் சாற்றை மேலேயே ஊற்றிவிடுவார்கள்.

மீனை விழுதாக்கிச் சாற்றில் கரைப்பதைவிட, இறாலை முழுசாக வடையில் பதிப்பது தமிழ் நாக்குக்கு ஏற்றது என்று கொள்ளலாம். கிழங்கைச் சேர்த்ததில் வணிகப் புத்தியும் தெரிகிறது. கடலை விழுது ஆறினால் எண்ணெய் பிரிந்து மேலே நிற்கும், கிழங்கு அதைப் பிடித்து வைக்கும். குறைந்த செலவில் சாறு கெட்டியாகவும் இனிப்பாகவும் ஆகும். நாள் முழுக்க அடுப்பில் வைத்து விற்கும் கடைக்காரருக்கு இதைவிட நல்ல உத்தி கிடைக்காது.

இந்த வரலாற்றில் ஒரு துயரமும் உண்டு. 2009 ஏப்ரலில் சிங்கப்பூரின் கேலாங் சிராய் தற்காலிகச் சந்தையில் இந்திய ரோஜாக் உண்ட 150-க்கும் மேற்பட்டோர் நோயுற்றார்கள்; இருவர் இறந்தார்கள். கடல் உணவில் வாழும் விப்ரியோ பாராஹீமோலிட்டிகஸ் என்ற பாக்டீரியா காரணமாகக் கண்டறியப்பட்டது. பச்சைக் கடல் உணவிலிருந்து அது ரோஜாக்குக்குத் தாவியிருந்தது. பச்சைக் காயும் வெந்த சாறும் ஒரே தட்டில் சேரும் உணவு எதற்கும் இந்த ஆபத்து உண்டு. மீன் நறுக்கிய கத்தியும் பலகையும் வெள்ளரிக்குப் போகக் கூடாது என்பது சமையல் குறிப்புகளில் பெரும்பாலும் எழுதப்படாத முதல் விதி.

வீட்டில் செய்யும் முறை

நான்கு பேருக்குக் கடலை 100 கிராம், சக்கரைவள்ளிக் கிழங்கு 150 கிராம், காய்ந்த மிளகாய் 6 முதல் 8, சின்ன வெங்காயம் 6, எலுமிச்சை அளவு புளி, நாட்டுச்சர்க்கரை 4 மேசைக்கரண்டி, எண்ணெய் 2 மேசைக்கரண்டி, உப்பு போதும்.

கடலையைப் பொறுக்குவதில் சோம்பல் கூடாது. சுருங்கியவை, நிறம் மாறியவை, பூஞ்சணம் பிடித்தவை எல்லாவற்றையும் எறிந்துவிட வேண்டும். 1960-இல் இங்கிலாந்தில் வான்கோழிகள் கூட்டம் கூட்டமாக இறந்தபோதுதான், தீவனக் கடலைப் பிண்ணாக்கில் பூஞ்சை உண்டாக்கிய அஃப்ளாடாக்சின் என்ற நஞ்சு அறியப்பட்டது. வறுப்பதால் அது முழுவதும் அழிவதில்லை. நல்ல பருப்பை மிதமான தீயில் வறுத்து, தோலைத் தேய்த்துப் புடைத்து, கொரகொரப்பாக இடிக்க வேண்டும். மாவாக அரைத்தால் சாறு பசைபோல் ஆகிவிடும்.

மிளகாயை வெந்நீரில் ஊறவைத்து வெங்காயத்தோடு அரைத்து, எண்ணெயில் பச்சை வாசனை போக வதக்கி, ஒன்றரைக் குவளைப் புளிக்கரைசலை ஊற்றிக் கொதிக்கவிட வேண்டும். பிறகு சர்க்கரை, உப்பு, மசித்த கிழங்கு. கடைசியில் கடலை. சிறு தீயில் 5 நிமிடம் போதும். தோசை மாவுப் பதத்தில் இறக்கினால் ஆறியதும் இட்லி மாவுப் பதத்துக்கு வரும். இந்த இடத்தில் தமிழ்க் கை தானாகக் கடுகு டப்பாவைத் தேடும். கடுகும் கறிவேப்பிலையும் தாளித்துவிட்டால் சுவையான ஒரு குழம்பு கிடைக்கும், ரோஜாக் கிடைக்காது.

வெள்ளரி, மாங்காய், முளைகட்டிய பாசிப்பயறு, அவித்த உருளை எல்லாம் இதற்குப் பொருந்தும். மலாய் நாட்டின் செங்குவாங் கிழங்குக்குப் பதில் நூல்கோலைத் துருவலாம். காய்க்கு முன்கூட்டியே உப்பிட்டால் நீர் விட்டுச் சாற்றைக் கெடுக்கும் என்பதால் உண்ணும்போதுதான் கலக்க வேண்டும்.

அடுப்பில்லாத தாய், வியட்நாம் வகையும் எளிது. எலுமிச்சைச் சாறு 2 பங்கு, கருப்பட்டிப் பாகு 2 பங்கு, சோயா சாஸ் 1 பங்கு, வெந்நீர் 2 பங்கு. இனிப்பும் புளிப்பும் உப்பும் கரைந்து சமன்பட்ட பிறகே நசுக்கிய பூண்டும் காந்தாரி மிளகாயும் சேர வேண்டும். முன்னதாகச் சேர்த்தால் உறைப்பு மற்றச் சுவைகளை மறைத்துவிடும். சோயாவைக் குறையாக நினைக்க வேண்டியதில்லை. வியட்நாமின் பௌத்தச் சைவ அடுக்களைகளில் மீனில்லாத ‘நுவொக் மாம் சாய்’ வழக்கத்தில் இருக்கிறது. மீன் உண்ணும் வீடுகளில் வறுத்துப் பொடித்த நெத்திலிக் கருவாடு ஒரு சிட்டிகை போதும்.

இந்தச் சாறுக்குப் பொருத்தமான காய் பச்சைப் பப்பாளி. தாய்லாந்தின் ‘சோம் தாம்’ அதில்தான் செய்யப்படுகிறது. தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் கோயம்புத்தூரில் உருவாக்கிய கோ 2, கோ 5 பப்பாளி வகைகள் காயின் பாலிலிருந்து பப்பைன் எடுப்பதற்குப் பேர் போனவை. அந்தப் பால் கையில் அரிக்கும். தோல் சீவியதும் காயைச் சற்று நேரம் தண்ணீரில் போட்டு எடுத்துத் துருவினால் போகும். கர்ப்பிணிகளுக்குப் பச்சைப் பப்பாளி வேண்டாம். அவர்கள் தட்டுக்கு நூல்கோல் அல்லது புளிப்பு மாங்காய்.

கடலைச் சாறு குளிர்பெட்டியில் மூன்று நாள் இருக்கும். மறுநாள் இறுகியிருந்தால் வெந்நீர் சிறிது விட்டு, கொதி வரும்வரை சூடாக்கி, ஆறவைத்துப் பயன்படுத்தலாம்.