தென்னாசிய உதைபந்தாட்ட வாகை: ஒரு வரலாற்று நோக்கு

மன்னர் போர்களையும் ஒப்பந்தங்களையும் ஆராயும் வரலாற்று மாணவர் விளையாட்டைப் பெரும்பாலும் பொருட்படுத்துவதில்லை. ஆயினும் ஒரு நாடு எந்நாடுகளைத் தன் அயலெனக் கொண்டு அவற்றுடன் ஆடக் களமிறங்குகின்றது என்பதும் வரலாற்றுச் சான்றேயாகும். தென்னாசிய நாடுகளின் ஆடவர் உதைபந்தாட்டப் போட்டிகளை இந்நோக்கிற் காணின், நம் பகுதியின் எல்லை தேசப்படத்தால் மாத்திரம் அமைந்ததன்று என்பது புலனாகும்.

இப்பகுதியில் உதைபந்தாட்டம் ஆங்கிலேய ஆட்சியோடு வந்தது. படைவீரரும் பாதிரிமாரும் பாடசாலைகளும் அதனைப் பரப்பினர். 1888இல் சிம்லாவிலே தொடங்கிய டூரண்ட் கிண்ணப் போட்டி, ஆசியாவில் இவ்வாட்டத்துக்கென எழுந்த மிகப் பழைய போட்டியாகும். 1947இல் இந்தியாவும் பாகிஸ்தானும், 1948இல் பர்மாவும் இலங்கையும் சுதந்திரம் பெற்றன. ஒரே பேரரசின் கீழிருந்த இந்நான்கும் தனித்தனிக் கொடிகளின் கீழ் மீண்டும் சந்தித்த களமே கொழும்புக் கிண்ணம் எனப்படும் நாற்கோணப் போட்டியாகும்.

அதன் முதற் போட்டி 1952 மார்ச் மாதத்தில் கொழும்பில் நடைபெற்றது. இலங்கை உலக உதைபந்தாட்டச் சம்மேளனத்தில் அங்கம் பெற்றதும் அவ்வாண்டிலேயே. பிரிவினையின் துயரமும் காச்மீரப் போரின் கசப்பும் ஆறாத அந்நாளில், இந்தியாவும் பாகிஸ்தானும் கொழும்பிலே கோலின்றிச் சமநிலையில் ஆடி, வாகையைப் பகிர்ந்துகொண்டன. 1953இல் இரங்கூனிலும் 1954இல் கல்கத்தாவிலும் 1955இல் டாக்காவிலும் நடந்த போட்டிகளில் இந்தியாவே வென்றது. நான்கு நாடுகளும் முறையே ஒவ்வொரு முறை விருந்தோம்பியபின் அப்போட்டி நின்றுபோயிற்று.

அதன்பின் நால்வரும் நாற்றிசை நோக்கினர். பர்மா 1959இல் தொடங்கிய தென்கிழக்காசியத் தீபகற்ப விளையாட்டு விழாவிற் சேர்ந்து, 1966இலும் 1970இலும் ஆசிய விளையாட்டு விழாவில் உதைபந்தாட்டத் தங்கப்பதக்கம் பெற்றது. 1971இல் பாகிஸ்தான் இரண்டாயிற்று. 1955இல் கிழக்குப் பாகிஸ்தானின் நகராகக் கிண்ணப் போட்டியை நடத்திய டாக்கா, 2003இல் வங்காளதேசத் தலைநகராகத் தென்னாசியப் போட்டியை நடத்தியது. அம்முறை வங்காளதேசமே மாலைதீவை வென்று முடிசூடிற்று. ஒரே நகரம் இரு நாடுகளின் பெயரால் விருந்தோம்பிய இச்செய்தியில் அரை நூற்றாண்டு அரசியல் அடங்கியுள்ளது.

சார்க் அமைப்பு 1985இல் தோன்றியபின், 1993இல் லாகூரிலே இப்பகுதிக்கெனப் புதிய போட்டி தொடங்கிற்று. அப்பொழுதும் ஆடியவை நான்கு நாடுகளே. ஆனால் பர்மாவின் இடத்தில் நேபாளம் இருந்தது. இந்தியா முதலாமிடத்தையும் இலங்கை இரண்டாமிடத்தையும் பெற்றன. 1997இல் தென்னாசிய உதைபந்தாட்டச் சம்மேளனம் அமைந்தது. 2013இல் வாகை சூடிய ஆப்கானிஸ்தான், பின்னர் மத்திய ஆசிய நாடுகளுடன் சேர்ந்துகொண்டது. 2023இல் பெங்களூரில் நடந்த போட்டிக்குக் குவைத்தும் லெபனானும் அழைக்கப்பெற்றன. இறுதியில் இந்தியா குவைத்தைத் தண்ட உதை மூலம் வென்றது. 1993 முதல் 2023 வரை நடந்த 14 போட்டிகளில் 9 இந்தியாவுக்கும், 2 மாலைதீவுக்கும், இலங்கை, வங்காளதேசம், ஆப்கானிஸ்தான் ஆகியவற்றுக்கு ஒவ்வொன்றும் உரியன.

இலங்கை பெற்ற அந்த ஒரு வாகை நம் சிந்தனைக்குரியது. 1995 ஏப்பிரில் 2ஆம் நாள் கொழும்பு சுகததாச அரங்கில் இந்தியாவை மேலதிக நேரத்தில் 1-0 என்ற கணக்கில் இலங்கை வென்றது. முதற் கோல் விழுந்தவுடன் ஆட்டம் முடியும் விதி அந்நாளில் இருந்தது. அவ்வாண்டு ஜனவரியில் தொடங்கிய போர்நிறுத்தம் அப்பொழுது நடைமுறையில் இருந்தது. வெற்றியின் பதினேழாம் நாள், ஏப்பிரில் 19இல், அது முறிந்தது. அக்டோபர் இறுதியில் வலிகாமத்து மக்கள் ஊரைவிட்டு வெளியேறினர். வட்டுக்கோட்டையும் அவ்வாறே வெறுமையாயிற்று. அமைதி நிலவியமையால் வெற்றி கிடைத்தது என்று கூறுதல் வரலாற்று முறைக்குப் பொருந்தாது. ஆனால் நாடு முழுவதற்கும் உரியதாகப் பெற்ற வாகை ஒன்று, நாட்டின் ஒரு பாகத்து மைதானங்கள் ஆளின்றிப் போன அதே ஆண்டில் கிடைத்தது என்பதை வரலாறு மறைக்கலாகாது.

அதன்பின் இலங்கையின் நிலை தளர்ந்தது. 2018இல் இலங்கையும் மாலைதீவும் தம்முட் கோலின்றிச் சமநிலையுற்று, இந்தியாவிடம் ஒரே கணக்கிலே தோற்று, நாணயச் சுழற்சிக்கு ஆளாயின. சுழற்சியில் வென்ற மாலைதீவு இறுதியில் வாகையே சூடியது. அதனை விதி எனலாம். 2023இல் நேர்ந்ததை விதி எனல் இயலாது. சம்மேளன நிருவாகத்தில் வெளியார் தலையீடு இருந்ததென அவ்வாண்டு ஜனவரியில் உலகச் சம்மேளனம் இலங்கையை இடைநிறுத்திற்று. ஆகஸ்டிலேயே தடை நீங்கியது. ஆகவே, 1952இல் அயல் நாடுகளைத் தன் தலைநகருக்கு அழைத்த இலங்கை, ஜூனில் பெங்களூரில் ஆடும் தகுதியையும் இழந்தது. தோற்று வெளியேறுதல் வேறு, ஆடாதே வெளியேறுதல் வேறு.

இவ்வரலாறு நமக்கு உணர்த்துவது யாது? நாட்டு அணி என்பது தலைநகரில் மாத்திரம் உருவாவதன்று. பாடசாலை மைதானமும் கிராமத்துக் கழகமும் அதன் வேர்களாகும். போர்க்காலத்திற் சிதைந்த யாழ்ப்பாணத்துத் துரையப்பா அரங்கு இந்திய உதவியுடன் புதுப்பிக்கப்பெற்று 2016 ஜூன் 18இல் திறக்கப்பட்டது. அரங்கு எழுந்தமை நற்செய்தியே. எனினும் அரங்கு அணியாகாது. மாலை வேளைகளில் மாணவர் களத்திலிறங்கவும், ஆசிரியர் உடனின்று பயிற்றவும், தேர்வு நடுநிலையோடு நடைபெறவும் வேண்டும். எம் மாணவர் தேர்ச்சி பெறின், அடுத்த தென்னாசியப் போட்டிக்குரிய இலங்கை அணியில் வலிகாமத்துப் பெயர்களும் இடம்பெறுதல் கூடும். அப்பொழுது கிடைக்கும் வாகை 1995இல் கிடைத்ததைக் காட்டினும் முழுமையானதாயிருக்கும்.